செக்மெத்தின் சீர்பாதம்

காலை ஐந்தரை மணிக்கு எங்கள் கண்களைக் கட்டுவார்கள். கறுப்புத் துணி, மூன்று சுற்று, பின்மண்டையில் முடிச்சு. கட்டுகிற பெண் நல்லவள், காது மடங்காமல் பார்த்துக் கட்டுவாள். அதற்குப் பிறகு தோள்மானியை மாட்டுவார்கள். உள்ளங்கை அகலத்தில் ஒரு சில்லு. தோளில் ஒட்டியதும் ஜில்லென்று இருக்கும். நாம் எவ்வளவு முன்னால் தள்ளுகிறோம், எவ்வளவு பின்னால் இழுக்கிறோம் என்பதை அது அளந்துகொண்டே இருக்கும். இருபத்துநாலு பேர், இருபத்துநாலு சில்லு. எல்லாம் முடிந்ததும் மணி அடிக்கும். "தூக்குங்கப்பா" என்பார் எங்களில் மூத்தவரான வடுகநாதண்ணன். சிங்கமுகத்தாள் எங்கள் தோளில் ஏறி உட்காருவாள்.

அவள் பெயர் செக்மெத். பழைய எகிப்தின் தெய்வம். நோயை அனுப்புகிறவளும் அவள்தான், நோயைத் தீர்க்கிறவளும் அவள்தான். ஒரே கையில் இரண்டு வேலை வைத்திருப்பவர்களிடம் கொஞ்சம் எச்சரிக்கையாக இருக்க வேண்டும் என்பது என் கருத்து. ஆனால் என் கருத்தை இங்கே யாரும் கேட்கவில்லை, தோளைத்தான் கேட்டார்கள்.

நாங்கள் நாகப்பட்டினத்துக்குத் தெற்கே இருந்தவர்கள். ஊரைக் கடல் எடுத்துக்கொண்டு பதினோரு வருஷம் ஆகிறது. எகிப்துப் பாலைவனத்தில் கடல் மட்டத்துக்குக் கீழே கிடந்த கத்தாராப் பள்ளத்தில் கடல்நீரைத் திருப்பிவிட்டு, அதன் கரையில் ஒரு நகரம் கட்டினார்கள். ஊரைப் பறிகொடுத்தவர்கள் யார் வேண்டுமானாலும் வரலாம் என்றார்கள், வந்தோம். நகரத்துக்கு வாயில் நுழையாத ஒரு பெயர் உண்டு. நாங்கள் உப்பூர் என்போம். காற்றில் உப்பு, தண்ணீரில் உப்பு, தாய்ப்பாலில்கூட உப்பு. மூன்றே வருஷத்தில் பத்துக்கு மூன்று பேருக்குச் சிறுநீரகம் போய்விட்டது.

மருத்துவமனையின் தொட்டிகளில் சிறுநீரகம் வளர்க்கிறார்கள். வளர்சிறுநீரகம் என்று பெயர். மாதத்துக்குப் பதினொன்றுதான் விளையும், கேட்டு நிற்பவர்கள் முந்நூறு பேர். யாருக்குக் கொடுப்பது என்பதை முதலில் ஒரு இயந்திரம் முடிவு செய்தது. தேர்வி என்றார்கள். அதன் முடிவு ஒருவருக்கும் பிடிக்காமல், கடப்பாரை கொண்டுவந்து உடைத்துப்போட்டார்கள். பிறகு ஐந்து மருத்துவர்கள் கொண்ட குழு. அந்த ஐவரையும் பம்புக் கால்வாயில் தள்ளிவிட்டார்கள். அதன் பிறகுதான் யாரோ பழைய ஏட்டைப் புரட்டினார்கள். மூவாயிரம் வருஷத்துக்கு முன் இதே மண்ணில் வழக்குகளைத் தெய்வம் தீர்த்ததாம். பூசாரிகள் தெய்வத்தைப் படகில் வைத்துத் தோளில் தூக்கி வருவார்கள், கேட்பவன் முன்னால் நிற்பான். படகு முன்னால் வந்தால் சரி, பின்னால் போனால் இல்லை. தெய்வத்தை யார் கடப்பாரையால் உடைப்பது?

இப்படித்தான் பழைய தெய்வங்கள் எல்லோரும் திரும்பி வந்தார்கள். தண்ணீர்ப் பங்கீட்டுக்கு ஹாபி, நிலத் தகராறுக்கு ஆமூன், பிள்ளை பெற அனுமதி கேட்க நீர்யானை முகத்துத் தவெரெத். தீர்ப்பை எழுதிக்கொள்ளும் இயந்திரத்துக்கு நாரை மூக்கு வைத்துத் தோத் என்று பெயரிட்டார்கள். யாரும் இவர்களைக் கும்பிட வேண்டியதில்லை. மசூதிக்குப் போகிறவர் மசூதிக்குப் போனார், மாதாகோயிலுக்குப் போகிறவர் அங்கே போனார். தீர்ப்பை ஏற்றுக்கொண்டால் போதும். ஏற்றுக்கொண்டார்கள் என்பதுதான் ஆச்சரியம்.

தூக்குவதற்கு முதலில் உள்ளூர் ஆட்களைத்தான் வைத்தார்கள். ஆளுக்கொரு பக்கம் நடந்து தெய்வத்தை இரண்டு முறை கவிழ்த்தார்கள். தோள்மானிகள் இருபத்துநாலு விதமாகக் கத்தின. எங்களுக்கு அது பரம்பரை வேலை. ஊரில் சாமியைத் தூக்குகிறவர்களைச் சீர்பாதம் தாங்கிகள் என்பார்கள். வாரை என்கிற அந்த நீளக் கழி தோளில் ஏறிவிட்டால் இருபத்துநாலு பேரும் ஒரே ஆள். திருப்பத்தில் எப்படி ஒயிலாக வளைவது, மேளம் வேகமெடுத்தால் எப்படி ஓடுவது, எல்லாம் காலுக்குத் தெரியும். வாசலில் பெண்கள் பிள்ளையை ஏந்திக் குலவை போட்டால் இரண்டடி பின்வாங்கி நிற்போம். பல்லக்கு கிட்டத்தில் இருந்தால் அடியில் நிற்பவர்களுக்குச் சாமியின் தாடைகூடத் தெரியாது. பின்வாங்கினால்தான் முகம் தெரியும்.

உப்பூரில் ஒயிலும் கிடையாது, மேளமும் கிடையாது. மருத்துவமனைச் சதுக்கத்தைச் சுற்றி வருவோம். கேட்பவர் சாம்பல் நிறத் துணி உடுத்தி, கல்லின் மேல் வெறுங்காலோடு நிற்பார். சின்னப் பிள்ளை என்றால் தாயும் அதே துணியில் கூட நிற்பாள். பேசக் கூடாது. எண்ணைக் கூப்பிடுவார்கள், நாங்கள் நிற்போம். கொஞ்ச நேரத்தில் வாரை நகரும். சத்தியமாக நான் தள்ளியதில்லை. வடுகநாதண்ணனும் தள்ளவில்லை என்பார், மற்றவர்களும் அப்படித்தான் சொல்வார்கள். ஆனால் நகரும். முன்னால் போனால் ஒரு மணி, பின்னால் போனால் இரண்டு மணி. பதினோரு பேருக்குத் தந்து முடித்ததும் இறக்கி வைத்துவிட்டுச் சாப்பிடப் போவோம். மறுக்கப்பட்டவர் மறுபடி கேட்க முடியாது. இயந்திரத்தில் வாரம் இருமுறை அவர் இரத்தத்தைச் சுத்தம் செய்வதும் அன்றோடு நின்றுவிடும். அந்த இடத்துக்கு அடுத்த ஆள் காத்திருக்கிறார். பத்து நாள், மிஞ்சினால் பதினைந்து நாள்.

ஆறு வருஷம் இந்த வேலையைப் பார்த்தேன். மனசு உறுத்தவில்லையா என்று கேட்டால், இல்லை. கண்ணைக் கட்டிவிட்டால் அது ஒரு பெரிய நிம்மதி.

பிறகு என் மகள் நீலாவுக்கு முறை வந்தது.

நீலாயதாட்சி என்பது முழுப் பெயர், ஏழு வயது. நாலு வயதிலேயே சிறுநீரகம் போய்விட்டது. ஒரு நாளைக்கு ஒரு சின்னக் குவளைத் தண்ணீர்தான் குடிக்கலாம். அதைப் பனிக்கட்டியாக்கி, துண்டு துண்டாக நாள் முழுக்கச் சப்பிக்கொண்டிருப்பாள். கேள்வி கேட்பதற்கு மட்டும் அளவு கிடையாது.

"அப்பா, சிங்கச் சாமி மூஞ்சி எப்புடி இருக்கும்?"

"தெரியாதும்மா. கண்ணக் கட்டிருவாங்க."

"தூக்குறவனே நீதான். ஒனக்கே தெரியாதா?"

தெரியாது. செக்மெத்தின் படம் ஊரில் எங்கும் இருக்கக் கூடாது என்பது விதி. கல்லில் நிற்பவர்கள் மட்டும்தான் பார்க்கலாம். சிங்கமுகம் என்று தெரியும், எப்படிப்பட்ட சிங்கம் என்று தெரியாது. நீலா இருபத்துநாலு பேரிடமும் போய் இதே கேள்வியைக் கேட்டிருந்தாள். வடுகநாதண்ணன் மடியில் ஏறி உட்கார்ந்துகொண்டு, "பல்லு வெளிய தெரியுமா, சிரிக்கிற மாதிரியா, கடிக்கிற மாதிரியா?" என்று அவர் மீசையைப் பிடித்து இழுத்திருக்கிறாள். கடைசியில் அவளே ஒரு தீர்மானத்துக்கு வந்தாள்.

"நான்தான் போய் நிக்கப்போறேன்ல? பாத்துட்டு வந்து ஒங்க எல்லாருக்கும் சொல்றேன்."

கல்லில் நிற்பது எதற்காக என்று அவளுக்கு நாங்கள் சொல்லவில்லை. சிங்கம் பார்க்கப் போகிறோம் என்றுதான் சொல்லி வைத்திருந்தோம்.

ஏமாற்றலாம் என்ற யோசனையும் அவளிடமிருந்துதான் வந்தது. பள்ளியில் செக்மெத்தின் கதை சொல்லிக்கொடுத்திருந்தார்கள். மனிதர்கள் மேல் கோபம் கொண்டு சூரியன் அவளை அனுப்பினான். அவள் கொன்று கொன்று இரத்தம் குடித்தாள். போதும் என்று சூரியனே சொல்லியும் நிறுத்தவில்லை. ஆயிரக்கணக்கான குடம் மதுவில் செம்மண்ணைக் கரைத்து வயல்வெளியில் ஊற்றினார்கள். இரத்தம் என்று நினைத்துக் குடித்து, மயங்கித் தூங்கிவிட்டாள். மனித குலம் பிழைத்தது.

"இவ்ளோ பெரிய சாமி, ஈசியா ஏமாந்துருச்சு பாருப்பா" என்று நீலா சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அன்று மத்தியானமே வடுகநாதண்ணனைப் பார்க்கப் போனேன்.

ஒருவன் மட்டும் தள்ளினால் தோள்மானியை வைத்துத் தோத் கண்டுபிடித்துவிடும். இருபத்துநாலு தோளும் சேர்ந்து நகர்ந்தால்தான் அது தெய்வத்தின் விருப்பம். எனவே இருபத்துநாலு பேரும் வேண்டும். மாட்டிக்கொண்டால் குடும்பத்தோடு பாலைவனத்தில் விட்டுவிடுவார்கள். இதையெல்லாம் சொல்லித்தான் கேட்டேன். உப்புப் பாத்திக்குப் பின்னால், சலவைக் கொட்டகையில் இருபத்துநாலு பேரும் உட்கார்ந்திருந்தோம். சாமியப்பன்தான் முதலில் வாயைத் திறந்தான். இரண்டு வருஷத்துக்கு முன் அவன் அம்மா அந்தக் கல்லில் நின்றாள், எங்கள் தோள் பின்னால் போனது.

"எங்கம்மாவ இந்தத் தோளாலதான் அனுப்புனேன். அது எங்கம்மான்னு வீட்டுக்குப் போனப்பறந்தான் தெரியும். அந்தப் புள்ளைய அனுப்ப மாட்டேன். நான் வரேன் சிங்காரம்."

அதற்குப் பிறகு எல்லோரும் தலையாட்டினார்கள். நான் அழுதுவிட்டேன். அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

கண் கட்டியிருக்கும்போது வந்திருப்பது நீலாதான் என்று எப்படித் தெரியும்? எண்ணை அன்று காலையில்தான் குலுக்கிப் போடுவார்கள். காதை மட்டும் அடைப்பதில்லை. முதல் மாதம் அடைத்துப் பார்த்தார்கள், மூன்று பேர் படியில் உருண்டார்கள். எனவே ஒரு சத்தம் வேண்டும். பேசக் கூடாது, இருமலாம் என்றால் இந்த ஊரில் இருமாதவர் யார்?

"ஒன் பொண்டாட்டியக் கொலவ போடச் சொல்லு" என்றார் வடுகநாதண்ணன். "இங்கத்திப் பொம்பளைங்களும் சாமியப் பாத்தா நாக்கச் சொழட்டிச் சத்தம் விடுறாங்கல்ல? யாரும் தடுக்குறதில்ல. ஆனா நம்ம கொலவ வேற மாதிரி. நமக்குத் தெரிஞ்சிரும், அவங்களுக்குத் தெரியாது."

அருமையான யோசனை என்று எல்லோரும் சொன்னோம். நானும்தான் சொன்னேன். "கொலவ கேட்டா முன்னாடி" என்று ஆளுக்கு ஆள் நாலு நாள் சொல்லிக்கொண்டே இருந்தோம், பிள்ளைகள் வாய்ப்பாடு ஒப்பிப்பதுபோல. வாயால் சொல்லிப் பார்த்தோம். வாரையைத் தூக்கி நடந்து பார்க்கவில்லை. தெய்வத்தின் வாரையை ஊர்வலத்துக்கு வெளியே தொட முடியாது. தொட்டிருந்தால் தெரிந்திருக்கும்.

அன்று காலை கண் கட்டுகிற பெண், "இன்று உங்கள் கண் சிவந்திருக்கிறது" என்றாள். அவள் பேசியதை மொழிச்செவி என் காதுக்குள் தமிழாக்கிச் சொன்னது. வாரம் முழுக்க வெயில் என்று ஏதோ உளறினேன்.

முதல் ஆறு எண்ணில் நாலு பேருக்குத் தந்தாள், இரண்டு பேருக்கு மறுத்தாள். இரண்டாம் மணி அடிக்கும்போது கல்லில் நின்ற ஆள் கத்துவார். அல்லது கத்த மாட்டார். கத்தாதவர்கள்தான் எனக்குக் கஷ்டம். ஏழாம் எண்ணைக் கூப்பிட்டார்கள். நின்றோம். தோளில் வாரை கனத்தது. முன்னால் யாரோ சின்னதாகத் தும்மினார்கள்.

அப்புறம் குலவை.

என் மனைவி தையல்நாயகியின் குலவை எனக்குத் தெரியும். எங்கள் கல்யாணத்தில் போட்டது, நீலாவின் காதுகுத்துக்குப் போட்டது. அடிவயிற்றிலிருந்து கிளம்பி, நடுவில் ஒரு முறை உடைந்து, மறுபடி ஏறும். என் தலை முன்னாடி, முன்னாடி என்று சொன்னது. என் கால் என்னைக் கேட்கவில்லை. இடது கால் பின்னால் போனது, வலது கால் அதன் பக்கத்தில் போய் நின்றது. மறுபடி இடது, மறுபடி வலது. இருபத்துநாலு பேரும் ஒரே மூச்சில் இரண்டடி பின்வாங்கி, வாரையைக் கொஞ்சம் தாழ்த்திக்கூடக் கொடுத்தோம், பிள்ளைக்கு வசதியாக. ஆறு வருஷத்தில் நாங்கள் இவ்வளவு அழகாக நடந்ததே இல்லை. ஒரு ஆள்கூடத் தடுமாறவில்லை.

எனக்கு முன்னால் நின்ற வடுகநாதண்ணன், "அய்யய்யோ" என்றார். அதற்குள் இரண்டு மணி அடித்துவிட்டது.

தையல் கத்தினாளா என்று கேட்காதீர்கள். எட்டாம் எண்ணைக் கூப்பிட்டார்கள். எட்டாம் எண்ணுக்குச் செக்மெத் முன்னால் போனாள். அது எழுபது வயதுக்காரர் என்று பிறகு தெரிந்தது. பதினொன்றும் முடிய இன்னும் மூன்று மணி நேரம் தூக்கினோம். இறக்கி வைத்த பிறகு ஒருவரும் கண் கட்டை அவிழ்க்கவில்லை. அந்தப் பெண்ணே வந்து ஒவ்வொன்றாக அவிழ்த்தாள்.

நான் நேராகத் தெய்வ அலுவலகத்துக்குப் போனேன். இயக்குநர் நெவீன் அம்மையார் கெட்டவர் இல்லை. கெட்டவராக இருந்திருந்தால் திட்டிவிட்டாவது வந்திருப்பேன். எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டேன். சதி செய்தது, குலவை, ஊர்ப் பழக்கம், எல்லாம்.

"எங்கள பாலைவனத்துல விட்டுருங்கம்மா. ஆனா அந்தத் தீர்ப்பு தப்பு. நாங்க முன்னாடி போறதுக்குத்தான் நெனச்சோம். கால் பழக்க தோஷத்துல பின்னாடி போயிருச்சு. புள்ளைய மறுபடி நிக்க வைங்க."

அவர் குறுக்கே பேசாமல் கேட்டார். பிறகு பேசினார். மொழிச்செவி எதையும் வானொலிச் செய்தித் தமிழில்தான் சொல்லும்.

"தங்கள் மகளுக்காக மனமார வருந்துகிறேன். ஆனால் தாங்கள் கூறியது எவ்வளவு முக்கியமானது என்று தங்களுக்குத் தெரிகிறதா? தேவி நகர்வதில்லை, தாங்கிகள்தான் தள்ளுகிறார்கள் என்று இந்த நகரத்தில் பாதிப் பேர் ஐயப்படுகிறார்கள். எனக்கும் அந்த ஐயம் இருந்தது. இன்று இருபத்துநாலு பேர் ஒன்றுகூடி முன்னால் தள்ள முடிவெடுத்தீர்கள். அவளோ பின்னால் போனாள்."

"அது எங்க ஊர்ப் பழக்கம்மா. சாமி ஒண்ணும் பண்ணல."

"அந்தப் பழக்கத்தை உங்கள் கால்களில் வைத்து, உங்கள் ஊரை மூழ்கடித்து, உங்களை இங்கே கொண்டுவந்தது யார்?"

அந்தக் கேள்வியைக் கேட்டபோது அவர் முகத்தில் ஒரு வெளிச்சம் இருந்தது. நம்பத் தொடங்கிய ஆளின் முகம். ஐயப்படுகிறவரிடமாவது கெஞ்சலாம் என்று அப்போது நினைத்தேன்.

எங்களுக்குத் தண்டனை இல்லை என்றார். நாளைக் காலை சதுக்கத்தில் எல்லோர் முன்னாலும் நான் நடந்ததை நடந்தபடியே சொல்ல வேண்டும். ஏமாற்ற முயன்றோம், தேவி ஏமாறவில்லை என்று. சொன்னால், நீலாவின் இரத்தச் சுத்திகரிப்பை ஒரு மாதம் நீட்டித்துத் தருவதற்கு அவருக்கு அதிகாரம் உண்டு.

"ஒரு மாசம் மட்டுந்தானா?" என்றேன்.

"ஒரு மாதம்" என்றது மொழிச்செவி.

சொல்கிறேன் என்று கையெழுத்துப் போட்டேன். என் வாயால் அவளைத் தெய்வம் என்று சொன்ன பிறகு, இந்த ஊரில் யார் பிள்ளை நின்றாலும் யாரும் கடப்பாரை எடுக்கப்போவதில்லை. தெரிந்துதான் போட்டேன். முப்பது நாள் அவள் பனிக்கட்டி சப்புவதைப் பார்க்கலாம்.

வீட்டுக்குப் போனபோது தையல் அந்தச் சாம்பல் துணியை மாற்றாமலே தரையில் உட்கார்ந்திருந்தாள்.

"கொலவ போட்டேன்ல?"

"போட்ட."

"கேட்டுச்சுல்ல?"

"கேட்டுச்சு தையலு."

"அப்பறம் ஏன்யா?"

அவளும் எங்கள் ஊர்க்காரிதான். எத்தனை திருவிழாவில் வாசலில் நின்று குலவை போட்டிருப்பாள். என் முகத்தைப் பார்த்தாள், பிறகு காலைப் பார்த்தாள். "ரெண்டடி" என்றாள் மெதுவாக. அப்புறம் தவழ்ந்து வந்து என் பாதங்களை இரண்டு கையாலும் ஓங்கி ஓங்கி அடித்தாள். அடிக்கட்டும் என்று நின்றேன். வலித்தது. இன்னும் வலிக்க வேண்டும் என்று இருந்தது.

உள்ளே இருந்து நீலா கூப்பிட்டாள். கட்டிலில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தாள். வாயில் பனிக்கட்டி, முகமெல்லாம் சிரிப்பு.

"அப்பா! பாத்துட்டேன்! நீ பாத்தியா?"

"இல்லம்மா. கண்ணு கட்டிருந்துச்சு. எப்புடி இருந்துச்சு?"

"மொதல்ல தாட மட்டுந்தான் தெரிஞ்சிச்சு. அம்மா தூக்கிப் பாத்தும் தெரியல. எனக்கு அழுகையா வந்துருச்சு. அப்பறம் முழுசாத் தெரிஞ்சிச்சுப்பா. தங்கக் கலரு. மூக்கு கறுப்பு. கடிக்கிற மாதிரி இல்லவே இல்ல. என்னயவே பாத்துச்சு." பனிக்கட்டியை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்கு மாற்றிக்கொண்டாள். "வடுகு தாத்தாட்டயும் சொல்லணும். அவங்கதான முன்னாடி நின்னாங்க? எல்லாரும் சேந்து ரெண்டடி பின்னாடி போனீங்கல்ல, அது எனக்கு மூஞ்சி தெரியணும்னுதான?"

"ஆமாம்மா" என்றேன். "ஒனக்காகத்தான் போனோம்."

அவள் என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். தோள்மானி ஒட்டியிருந்த இடத்தில் அவளுடைய ஜில்லென்ற கன்னம் பட்டது.